ஹோல்கரின் வலது கை

ஹோல்கரின் வலது கை பதினெட்டு வருஷமாகக் கொடி ஆட்டிக்கொண்டிருந்தது. ஸ்வென்போர் ஊர்க்காரர்கள் அதைப் பற்றிப் பேசுவதை முதல் குளிர்காலத்தோடு நிறுத்திவிட்டார்கள். கை இப்படி ஆடக் காரணம் அவன் மனைவி ரிக்மோர். முதல் ஆவணப்படம் எடுக்க அவள் பொலிவியாவுக்குக் கிளம்பிய அன்று அவளுக்குப் பிறந்தநாள். கேக்குக்குப் பக்கத்தில் நின்ற காகிதக் கொடியைப் பிடுங்கி, வாசலில் நின்று ஆட்டி வழியனுப்பினான். காருக்குள்ளிருந்து அவள் அதைப் படமெடுத்தாள். எடுத்தவள் ‘கட்’ சொல்லவில்லை; கையும் நிற்கவில்லை. நிஜ வாழ்க்கைக்கு உத்தரவு போடக்கூடாது என்பது அவள் கொள்கை. கொள்கை அவளுக்கு, கைவலி இவனுக்கு.

அவள் போன இடமெல்லாம் இதே கூத்துதான். பொலிவியாவில் ஒரு சுரங்கத் தொழிலாளி அதே சூப்பை இன்னும் ஊதிக்கொண்டிருந்தார். ஜார்ஜியாவில் ஒரு கல்யாண ஆட்டம், மணப்பெண்ணுக்குப் பிள்ளை பிறந்த பிறகும் ஓயவில்லை. பிறகு அவள் கதைப்படங்களுக்குப் போனாள்; லிஸ்பனிலும் டப்ளினிலும் பெயர் வாங்கினாள். அங்கே மட்டும் வாய் நிறைய ‘கட்’ சொன்னாள். நடிகர்கள் கண்ணைத் துடைத்துக்கொண்டு சாப்பிடப் போனார்கள். அவள் வாங்கிய விருதுகளை ஹோல்கர் இடது கையால் தூசி தட்டினான்.

படகுத்துறையில் டிக்கெட் கொடுப்பது அவன் வேலை. அவன் கை ஆடுவதைப் பார்த்து, படகு போய்விட்டது என்று திரும்பிப் போன பயணிகள் ஏராளம். வீட்டில் வேறு தொல்லை. அந்த ஊரில் கொடி ஆடினால் பிறந்தநாள் என்று அர்த்தம். தினமும் யாராவது வந்து வாழ்த்திவிட்டு, ஷூவைக் கழற்றி உட்கார்ந்தார்கள். கேக் இல்லாமல் அனுப்ப முடியுமா? ஒற்றைக் கையால் க்ரீம் அடித்து அடித்து மனுஷன் நொந்துபோனான். பக்கத்து வீட்டுக்காரி போதில், இருட்டிய பிறகு கொடி பறக்கக் கூடாது என்று சாயங்காலம் அதைப் பிடுங்கிப் போவாள். காலையில் கொண்டுவந்து செருகுவாள். வெறும் கை ஆடுவதில் அவளுக்கு ஆட்சேபணை இல்லை.

தோள்மூட்டு தேய்ந்துவிட்டது, இன்னொரு குளிர்காலம் தாங்காது என்று டாக்டர் சொன்ன வாரத்தில் ரிக்மோர் ஊருக்கு வந்தாள். ஹோல்கர் வெடித்துவிட்டான்.

“கூலிக்கு அழுறவனுக்கெல்லாம் கட் சொல்றே. எனக்குச் சொல்ல மாட்டியா?”

“சொன்னா அது நடிப்பாயிடும். நீ நிஜமாத்தானே கை காட்டினே.”

“முதல் நிமிஷம் நிஜம். மிச்சமெல்லாம் தோள்வலி.”

“எந்த ஊர் ஓட்டல்ல படுத்தாலும், இங்க ஒரு கை ஆடிக்கிட்டிருக்குன்னு நினைச்சுத்தான் தூங்குவேன். அது நின்னுட்டா?” என்றாள். அவளுக்கு உண்மையில் பயமாக இருந்தது. ஹோல்கருக்கு எரிச்சல்தான் வந்தது. பதினெட்டு வருஷம் கழித்துச் சொல்கிற பேச்சா இது?

மறுநாள் காலை, ஜார்ஜியாவுக்குப் போய் அந்தக் கல்யாண ஆட்டத்தையும் முடித்துவைக்கக் கிளம்பியவள், வாசலில் நின்று மெதுவாக, “கட்” என்றாள். கை தொப்பென்று விழுந்தது. ஹோல்கர் கொஞ்ச நேரம் விரல்களை மடக்கி மடக்கிப் பார்த்தான். கார் வந்தது. அவள் ஏறி உட்கார்ந்தாள். திரும்பிப் பார்க்கவில்லை, பார்க்கத் தைரியமில்லை என்பது அவள் கழுத்திலேயே தெரிந்தது.

“சனியனே” என்று யாரையோ திட்டிக்கொண்டு ஹோல்கர் கொடியை எடுத்தான். வலது கை எழும்ப மறுத்தது. இடது கையால் முழங்கையைத் தாங்கித் தூக்கி, ஆட்டினான். கார் பாதித் தெருவில் போகும்போது அவள் திரும்பினாள். கேமரா பைக்குள்ளேயே இருந்தது. கார் வளைவில் மறைந்ததும் கையைக் கீழே இறக்கினான்.

கொடியைப் பார்த்துவிட்டு போதில் வந்தாள். இன்று யாருக்குப் பிறந்தநாள் என்று கேட்டாள்.

“இதுக்கு” என்று ஹோல்கர் வலது கையைக் காட்டினான்.

போதில் அந்தக் கையைப் பிடித்துக் குலுக்கி வாழ்த்துச் சொன்னாள். பிறகு ஷூவைக் கழற்றிவிட்டு, கேக்குக்காக உட்கார்ந்தாள்.