களவா குடியிருந்த போர்விமானம்

குளிர்காலத்தில் துறைமுகத்துக்காரர்கள் வெறும் வலையை உதறி உதறிப் பார்த்துக்கொண்டிருக்க, இவாகிரி மட்டும் ஆள் கனத்தில் ஒரு களவா மீனைப் படகிலிருந்து இறக்குவார். "எங்க பிடிச்சீங்கண்ணே?" என்று கேட்டால், "கடல்லதான்" என்பார். கேட்டவன் வயிறு எரியும். மீன் விற்ற காசைவிட அந்த எரிச்சலைப் பார்ப்பதில்தான் அவருக்குச் சுகம் அதிகம்.

இடம் அவருக்கு மட்டுமே தெரியும். கலங்கரை விளக்கத்தையும் மலைக்கோயிலின் சிவப்பு வாசலையும் ஒரே கோட்டில் வைத்துக் கணியம் பார்த்துப் போனால், அடியில் போர்க்காலத்துச் சண்டை விமானம் ஒன்று மல்லாந்து கிடந்தது. அதன் வயிற்றிலும் இறக்கையடியிலும் களவாக்கள் வாடகையில்லாமல் குடியிருந்தன.

ரகசியத்தைக் கெடுத்தது மீனவர் சங்கத்தின் ஆண்டுக்கடைசி விருந்து. அங்கே தன் கோப்பையைத் தானே நிரப்பிக்கொள்ளக் கூடாது. பக்கத்தில் இருப்பவர் நிரப்பினால் மறுக்கவும் கூடாது. அன்று பக்கத்தில் உட்கார்ந்து கிழங்குச் சாராயம் ஊற்றியவர் மேயர் ஹிதாகா. ஊற்ற ஊற்ற இவாகிரியின் நாக்கு அவிழ்ந்துவிட்டது.

"நீங்கள்லாம் வலையில மீன் பிடிக்கிறீங்க. நான் ஏரோப்ளேன்ல பிடிக்கிறேன்டா!"

எல்லாரும் சிரித்தார்கள். மேயர் சிரிக்கவில்லை. பக்கத்து ஊரில் வெந்நீர் ஊற்று இருந்தது, அதற்கடுத்த ஊரில் கோட்டை இருந்தது. இவர் ஊரில் சர்க்கரைவள்ளிக் கிழங்கு மட்டும்தான் இருந்தது.

விமானத்தைத் தூக்கி ஊரில் காட்சிக்கு வைப்பது பற்றி அடுத்து ஊர்க்கூட்டம். அங்கெல்லாம் கூட்டம் என்பது தலையாட்டுவதற்குத்தான். வீடு வீடாகப் போய் முடிவை முன்பே பேசி முடித்திருப்பார்கள். இவாகிரி வீட்டுக்கு மட்டும் யாரும் போகவில்லை. அவர் மெல்ல எழுந்தார்.

"அது பாட்டுக்கு அங்கயே கிடக்கட்டுமே... நிம்மதியா."

மேயர் கண்ணைத் துடைத்துக்கொண்டார். "பாருங்க, மனுஷனுக்கு எவ்வளவு உணர்ச்சி! இவரையே கௌரவ ஆலோசகரா போடுறோம்." கைதட்டலில் இவாகிரியின் எதிர்ப்பு அமுங்கிப்போனது.

பூசாரி வெள்ளைக் காகிதக் குஞ்சத்தை ஆட்டிப் பாரந்தூக்கிக்குத் தீட்டுக் கழித்தார். விமானம் நீர் சொட்ட மேலே வந்தது. இறக்கைக்குள்ளிருந்து களவாக்கள் ஒவ்வொன்றாக நழுவிக் கடலுக்குள் போயின. விமானத்துக்காக ஊரே அழுதது. மீனுக்காக இவாகிரியும் அழுதார். மறுநாள் பத்திரிகையில் அவர் படம்தான் பெரிதாக வந்தது.

விமானத்தோடு செத்ததாக ஊர் நம்பி அழுத விமானி உண்மையில் சாகவில்லை. எண்ணெய் ஒழுகியதால் விமானத்தைக் கடலில் இறக்கியவர், நீந்திக் கரையேறி, இந்த ஊர்க் கிழங்கைத் தின்றுவிட்டு ரயிலேறிப் போய்ச் சைக்கிள் கடை வைத்தார். "சைக்கிள் கடை எடுப்பா இருக்காது" என்று மேயர் அபிப்பிராயப்பட்டதால், கண்காட்சிப் பலகையில் அவர் வானத்தில் மறைந்துவிட்டார்.

சீரமைப்புக்கு மிஸோகுச்சி என்ற பொறியாளர் வந்தார். உப்பு தின்ற தகரம் தொட்டால் உதிர்ந்தது. மேயருக்கோ பளபளப்பு வேண்டும். ஆகவே ஒவ்வொரு பாகத்தையும் அளந்து புதிதாகச் செய்து மாட்டினார். பழையது கொல்லைப்புறம் போனது. ஊரில் விமான வடிவ அப்பம் விற்பனைக்கு வந்தது. கொழுகொழு விமானப் பொம்மை வேஷத்துக்குள் நகராட்சி ஊழியர் ஒருவர் வியர்த்து வழிந்தபடி குழந்தைகளுக்குக் கை ஆட்டினார்.

இவாகிரியின் படகில் மட்டும் பொடிமீன்தான் வந்தது. "என்னண்ணே, இன்னிக்கு ஏரோப்ளேன் லேட்டா?" என்று துறைமுகமே கேட்டது. அந்தக் கேலி தாங்காமல்தான் ஒருநாள் ஆலோசகர் பட்டறைக்குப் போனார். கொல்லையில் குவியலைப் பார்த்தார்.

"இதெல்லாம் என்ன தம்பி?"

"குப்பைதான். அள்ளிட்டுப் போக ஆளைத் தேடிட்டிருக்கேன்."

"அப்புறம் ஆலோசகர்னு நான் எதுக்கு இருக்கேன்?"

இறக்கை, வால், உடல் எல்லாம் தார்ப்பாய்க்கடியில் துறைமுகம் சேர்ந்தன. பழைய கணியம், பழைய இடம். சுக்கானைப் பிடித்திருந்த மனைவி தமாயோ, கடைசித் துண்டு மூழ்கியதும் சொன்னாள்: "இனி குடிச்சிட்டு வாயைத் திறந்தீங்க, உங்களையும் இதே இடத்துல இறக்கிடுவேன்."

சில குளிர்காலங்கள் கழித்துத் திறப்புவிழா. கூடத்தில் விமானம் பச்சைப் பசேலென்று மின்னியது. தலைநகரத்து நிபுணர் ஒருவர் மிஸோகுச்சியின் காதில், "இதுல பழசு எது?" என்று கேட்டார். மிஸோகுச்சி இருக்கைப் பக்கத்தில் ஒரு சின்னக் கைப்பிடியைக் காட்டினார். நிபுணர் அந்தக் கைப்பிடியை நோக்கிக் குனிந்து வணங்கினார். எல்லாரும் வணங்கினார்கள்.

விருந்தில் பானை கொதித்தது. உள்ளே இவாகிரி கொண்டுவந்த களவா. மேயர் ஒரு துண்டை வாயில் போட்டுக் கண்ணை மூடினார்.

"அடடா! இந்த ருசியைப் பார்த்து எத்தனை வருஷமாச்சு! எங்கண்ணே பிடிச்சீங்க?" என்று கோப்பையை நிரப்பினார். இவாகிரியால் மறுக்க முடியாதே, குடித்ததும் மேயர் மறுபடி நிரப்பினார். துறைமுகத்துக்காரர்கள் மெல்வதை நிறுத்திவிட்டுக் காதைத் தீட்டினார்கள். இவாகிரிக்கு நாக்கு நமநமத்தது. இத்தனை பேர் வயிறும் ஒரே நேரத்தில் எரிய இதைவிட நல்ல வாய்ப்பு ஏது?

"அதுவா மேயர்... உங்க ஏரோப்ளேன் இருக்கே..."

பானையில் துள்ளிக்கொண்டிருந்த டோஃபு என்ற சோயாக்கட்டித் துண்டு ஒன்றைத் தமாயோ எடுத்து அவர் வாயில் திணித்தாள். துப்பவும் முடியாமல் விழுங்கவும் முடியாமல் அவர் கண்ணில் தண்ணீர் தாரை தாரையாகக் கொட்டியது. புகைப்படக்காரர் ஓடிவந்தார்.

"பாருங்க," மேயர் தழுதழுத்தார், "ஏரோப்ளேன்னு சொன்னதுமே அழுதுட்டார்!"

எல்லாரும் தலை குனிந்து கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள். இவாகிரி ஒருவழியாக அதை விழுங்கினார். மனைவியைப் பார்த்தார். அவள் சாப்பாட்டுக் குச்சியில் அடுத்த துண்டு தயாராக இருந்தது.

"கடல்லதான்" என்றார்.