மஞ்சள் காமாலை மனு

அப்பா விட்டுப்போன வீடு முழுதும் தனக்கே என்று அண்ணன் வழக்குப் போட்டான். அந்த வீட்டின் பின்னறையில் குடியிருந்த தங்கை, தையல்காரி, கோர்ட்டு நோட்டீசைத் தூக்கிக்கொண்டு அவனிடமே ஓடினாள்.

"அட, இது சும்மா பேப்பர் வேலைம்மா. நீ கோர்ட்டுப் பக்கமே வராதே, நான் பாத்துக்கறேன்" என்றான்.

பார்த்துக்கொண்டான், நன்றாகவே. எதிர்த்தரப்பு வரவில்லையென்று தீர்ப்பு அவன் பக்கம் ஆனது. கேட்டபோதெல்லாம் "உன் பங்கை எழுதித் தரேன், பொறு" என்று இரண்டு வருடம் ஓட்டினான். பிறகு அறையைக் காலி பண்ணச் சொன்னான். தலைக்கு மேல் வெள்ளம் போன பிறகுதான் அவள் வக்கீலைத் தேடினாள்.

"தீர்ப்பை ரத்து பண்ணச் சொல்லி முப்பது நாளுக்குள்ள வந்திருக்கணும். ஏன் லேட்டு?" என்றார் வக்கீல்.

"அண்ணன் பேச்சை நம்பிட்டேன் சார்."

"நம்பினதெல்லாம் ஒரு காரணமாம்மா? ஜட்ஜு சிரிப்பாரு." உள்ளே திரும்பிக் குமாஸ்தாவைக் கூப்பிட்டார். "யோவ், அந்த மஞ்சள் காமாலையை எடு!"

காமாலைக் கண்ணுக்குக் கண்டதெல்லாம் மஞ்சள் என்பார்கள். இந்த ஆபீசுக்குக் கண்டதெல்லாம் காமாலை. யார் எதற்காகத் தாமதித்திருந்தாலும் அதே வியாதிதான். படுத்த படுக்கை, வீட்டு வைத்தியம், ஆகவே ஆஸ்பத்திரிச் சீட்டு கிடையாது. என்ன மூளை! தேதிக்கு மட்டும் இடம் விட்டு அந்த மனுவைக் கட்டுக்கட்டாக அடித்து வைத்திருந்தார்கள். காமாலை இரண்டு வருடம் இழுக்குமா என்று குமாஸ்தாவுக்கே சந்தேகம்.

"நடுவுல விட்டு மறுபடி வந்துச்சுன்னு போடுய்யா" என்றார் வக்கீல்.

தையல்காரி மென்று விழுங்கிக் கையெழுத்துப் போட்டாள். படித்தவர் சொன்னால் சரியாகத்தானே இருக்கும்! பட்டும் புத்தி வரவில்லை, பாவம்.

விசாரணையன்று அண்ணனின் வக்கீல் ஒரு படத்தை நீட்டினார். அந்த இரண்டு வருடமும் ஒருநாள்கூட லீவு எடுக்காததற்காகத் தையல் கம்பெனி அவளுக்குக் கொடுத்த பாராட்டுப் பத்திரம். அவள் பெருமையாகச் சுவரில் மாட்டியிருந்ததை அண்ணன் படமெடுத்திருந்தான்.

நீதிபதி கண்ணாடியைக் கழற்றினார். "காலையிலேர்ந்து இது நாலாவது காமாலை. உண்மையில என்னம்மா நடந்தது?"

அழுகையும் ஆத்திரமுமாக எல்லாவற்றையும் கொட்டினாள்.

"இதை ஏன் மனுவுல எழுதல?"

அவள் வக்கீலைப் பார்த்தாள். வக்கீல் மின்விசிறியைப் பார்த்தார்.

"மனுவுல இருக்கற காரணம் பொய். இப்ப சொல்றது மனுவுலயே இல்ல. தாமதத்துக்கு விளக்கம் இல்லைன்னுதான் நான் எழுத முடியும். தள்ளுபடி."

வெளியே வராந்தாவில் அண்ணன் நின்றிருந்தான். கையில் புதுப் பூட்டு, விலைச்சீட்டைக்கூட இன்னும் கிழிக்கவில்லை.

"ஏம்மா, அவ்வளவு முடியாம இருந்திருக்கே, அண்ணன்கிட்ட ஒரு வார்த்தை சொல்லக்கூடாதா?" என்று கேட்டான்.