கூடாரத் துணியில் விழுந்த நிழல்

நாலு வருஷம்! பஞ்சாபில், மொகாலி ஸ்டூடியோவில் கணினி முன்னே உட்கார்ந்து உட்கார்ந்தே சிம்ரத் கவுருக்கு முதுகு போயிற்று. கேசர் சிங் என்ற உழவன் வாளெடுத்துப் படைத்தலைவனாகி, கடைசியில் களத்திலேயே உயிரைக் கொடுக்கிற அனிமேஷன் படம். படம் வெளிவர வேண்டிய வைசாகிப் பண்டிகைக்கு இன்னும் பதினோரு நாள். தியேட்டர் எல்லாம் பேசியாயிற்று. சீக்கிய சமயக் குழு இன்று பார்த்துச் சரி என்றால் போதும்.

சீக்கியர்களின் குருஜியைப் படத்தில் உருவமாகக் காட்டக் கூடாது என்பது பால் குடிக்கிற பிள்ளைக்கும் தெரியும். அவர் வீரனுக்கு அம்பு கொடுக்கும் காட்சியிலும் வெறும் ஒளிதான். ஆனால் வீரன் எந்தப் பக்கம் பார்க்கவேண்டும் என்பதற்காக, இயக்குநர் பல்தேஜ் சிங் தன் உடம்பையே தலைப்பாகையோடு அளவெடுத்துக் கணினியில் ஒரு பொம்மை செய்து அந்த ஒளிக்குள் நிறுத்தியிருந்தார். பொம்மை படத்தில் தெரியாது. அதன் நிழல் தெரியும்.

"பாஜி, நிழல் விழுது. அணைச்சிடவா?" வெளிச்ச வேலை பார்த்த சிம்ரத் அவரிடம் மூன்று தடவை கேட்டாள்.

"கடைசியில பாத்துக்கலாம். நீ உன் வேலையைப் பாரு," என்றார் அந்த மகானுபாவர். பிறகு மறந்தும் போனார்.

இன்று குழுவின் முன்னே திரையில் அந்த ஒளி பரவியது. கூடாரத் துணியில் தலைப்பாகையோடு ஒரு முழு ஆள் நிழல். குழுத் தலைவர் கியானி சுக்செயின் சிங் தன்னை அறியாமல் எழுந்து கைகூப்பிவிட்டார். அடுத்த கணம், "நிறுத்து!" என்று கத்தினார்.

"வெளிச்சம் இவ பாத்தது, கியானிஜி. கவனமே கிடையாது," என்றார் பல்தேஜ், கூசாமல். சிம்ரத்துக்கு உச்சி முதல் உள்ளங்கால் வரை எரிந்தது.

கியானிஜி நிழலைப் பார்த்தார். பல்தேஜின் தலையைப் பார்த்தார். முன்னால் கூராக நீட்டிய அதே பாட்டியாலா தலைப்பாகைக் கட்டு.

"நான் கும்பிட்டது உன்னையா?"

பல்தேஜின் கை தானாகத் தலைப்பாகைக்குப் போயிற்று.

"வைசாகிக்கு அனுமதி இல்லை. குழு இனி அடுத்த மாசம்தான் கூடும்."

"நான் மூணு தடவை சொன்னேன், கியானிஜி! இவர் காதுலயே போட்டுக்கல. என் நாலு வருஷம் மண்ணாப் போச்சே!" சிம்ரத்துக்கு அழுகை முட்டிக்கொண்டு வந்தது.

"அந்த நிழலை அணைக்க எவ்வளவு நேரமாகும், பீபி?" கியானிஜி அவளிடம் கேட்டார்.

"ஒரு நொடி."

"யார் அணைச்சிருக்கணும்?"

பல்தேஜைப் பார்த்தாள். அவர் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"நான்தான்," என்றாள் சிம்ரத்.