ஐந்தும் ஒரே கிளிக்கில்

எனக்கு வாய் கொஞ்சம் நீளம்தான். மைசூர் அக்ரஹாரத்தில் ஆன்லைன் சென்டர் வைத்துப் பன்னிரண்டு வருஷமாகக் கூட்டத்தோடு மல்லுக்கட்டுகிறவளுக்கு வாய் நீளாமல் வேறென்ன நீளும்? ஆனால் வேலை சுத்தம். ஒருவர் வேலை முடிந்ததும் கம்ப்யூட்டரில் திறந்த எல்லாவற்றையும் மூடிவிட்டுத்தான் அடுத்தவரைக் கூப்பிடுவேன்.

அதற்குக் காரணம் உண்டு. போன வருஷம் வினிதா என்ற பெண்ணின் ஹாஸ்டல் விண்ணப்பத்தில், அவளுக்கு முன்னால் வந்தவளின் போட்டோவை ஏற்றிவிட்டேன். ஸ்கேன் செய்ததெல்லாம் ஒரே ஃபோல்டரில் கிடந்தது, அவசரத்தில் பார்க்கவில்லை. விண்ணப்பம் தள்ளுபடி. ஹாஸ்டல் கிடைக்காமல் காலேஜும் போயிற்று, ஒரு வருஷமும் போயிற்று. அவள் வீட்டைத் தேடிப் போய், தப்பு என்னுடையது என்று அவள் அம்மா முன்னால் அழுதுவிட்டு வந்தேன். அழுதால் போன வருஷம் திரும்புமா?

இந்த வருஷம் அதே விண்ணப்பத்துக்கு அன்றைக்குத்தான் கடைசி நாள். ஐந்து மணிக்கு வெப்சைட் மூடிவிடும். மணி மூன்றரை. பெஞ்சில் ஒன்பது பேர். வெப்சைட், ஸ்கேனர், போட்டோ வெட்டும் சாஃப்ட்வேர், பிடிஎஃப்பைச் சின்னதாக்கும் சாஃப்ட்வேர் என்று ஒவ்வொருவருக்கும் ஒவ்வொன்றாகத் திறக்க வேண்டும். என் கிழட்டுக் கம்ப்யூட்டர் ஒவ்வொன்றுக்கும் ஒரு கொட்டாவி விடும். ஆளுக்குக் கால் மணி நேரம். கணக்கு உதைத்தது.

கட்டட வேலையைப் போட்டுவிட்டு மகளுக்காக ஓடி வந்திருந்த சித்தம்மாவுக்குப் பொறுக்கவில்லை. "எதுக்குக்கா மூடி மூடித் தெறக்கற? அப்படியே விடு, பேக பேக, சீக்கிரமா ஆகும்."

"உம் பொண்ணு ஃபாரத்துல அடுத்தவ மொகம் வந்தா பரவால்லியா?"

சித்தம்மா மகளின் காகிதங்களை மடியில் வைத்து அடுக்க ஆரம்பித்தாள்.

பெஞ்சின் கோடியிலிருந்து ஒருவர் எழுந்து வந்தார். நஞ்சன்கூடு ஃபேக்டரி ஷிப்ட் முடித்து யூனிஃபாரத்தோடு வந்திருந்தார். "ஏனுங்க, நீங்க மூடறது சரிதானுங்க. தெறக்கறத மட்டும் எல்லாத்தையும் ஒண்ணாத் தெறக்கலாமுங்க. ரெண்டே நிமிசம் குடுங்க."

"என் மெஷின்ல கைய வெச்சீங்கன்னா நடக்கறதே வேற!"

அவர் சிரித்தார். கடிகாரத்தைப் பார்த்தேன். வேறு வழியில்லாமல் நகர்ந்து உட்கார்ந்தேன்.

நோட்பேடில் என்னவோ நாலைந்து வரி தட்டினார். திரையில் இரண்டு புது ஐகான்கள் வந்தன. "இது தெறக்கறதுக்கு, இது மூடறதுக்கு. ஒவ்வொரு ஆளுக்கும் காலியா ஒரு புது ஃபோல்டரும் சேர்ந்து தெறக்குமுங்க. பழைய போட்டோ எதுவும் கண்ணுலயே படாது."

தட்டினேன். ஒன்றும் அசையவில்லை. என் மெஷின் தட்டத் தட்டத்தான் அசையும், அது பழக்கம். இன்னும் மூன்று தரம் தட்டினேன். அவ்வளவுதான்! எல்லாமே நான்கு நான்காகத் திறந்து, ஒன்றின் மேல் ஒன்றாக இருபதும் விழுந்து, மெஷின் நின்றே போயிற்று.

"ஐயோ, சும்மா கெடந்த சங்க ஊதிக் கெடுத்தானாம் ஆண்டி! ஒன்பது பொண்ணுங்க படிப்புங்க இது!"

மனிதர் கோபிக்கவே இல்லை. கொஞ்சம் பொறுத்து இரண்டாவது ஐகானைத் தட்டினார். இருபதும் மூடின. "ஒருக்காத் தட்டிட்டுக் கைய மடியில வெச்சுக்குங்க. அதுபாட்டுக்குத் தெறக்கும்."

தட்டினேன். கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்தேன். ஐந்தும் திறந்தன. பிறகு வேலை ஓடிய ஓட்டத்தை என்னாலேயே நம்ப முடியவில்லை. முதலில் சித்தம்மா மகள் விண்ணப்பம் போயிற்று. "நல்லா இருப்பக்கா" என்று அவள் என் கன்னத்தை வழித்து நெட்டி முறித்துவிட்டு ஓடினாள்.

ஐந்துக்குப் பத்து நிமிஷம் இருக்கும்போது பெஞ்சில் அந்த ஃபேக்டரிக்காரர் மட்டும்தான் மிச்சம். காகிதங்களை வாங்கி, புது ஃபோல்டரில் போட்டோவை ஸ்கேன் செய்தேன். பெயர், வினிதா. தகப்பனார் பெயர், செந்தில்நாதன். திரையில் வந்த முகத்தை ஒரு வருஷமாக நான் மறக்கவில்லை. நாற்காலியை அவர் பக்கம் திருப்பினேன்.

"நீங்க... வினிதாவோட அப்பாவா?"

"ஆமாங்க."

"ஊர்ல இத்தன கடை இருக்க, மறுபடியும் எங்கிட்டயா வந்தீங்க?"

"வூடு தேடி வந்து, தப்பு என்னுதுன்னு சொன்னீங்களாமே. சூடு பட்டவங்கதான் பாத்து நடப்பாங்கன்னு எம் பொண்ணே சொல்லி அனுப்பிச்சா."

என் கண் நிறைந்து எழுத்தெல்லாம் கலங்கியது. துடைத்துக்கொண்டு போட்டோவை ஒரு தரத்துக்கு மூன்று தரம் பார்த்தேன். அவரையும் பார்க்கச் சொன்னேன். நாலு ஐம்பத்தாறுக்கு விண்ணப்ப எண் வந்தது.

நீள வாய்க்காரி நான், எழுந்து நின்று கையெடுத்துக் கும்பிட்டேன். "அட, நீங்க எதுக்குங்க கும்பிட்டுக்கிட்டு" என்று பதறிக்கொண்டே பிரிண்டை வாங்கிப் போனார்.

மூடும் ஐகான் மேல் மௌஸை வைத்தேன். தட்ட மனம் வரவில்லை. அடுத்து ஆள் யாரும் இல்லையே, அந்தப் பெண்ணின் முகம் இன்னும் கொஞ்ச நேரம் திரையில் இருக்கட்டும் என்று விட்டுவிட்டேன்.