திரையருகே நின்ற பெர்தே

புனேயின் போபோடியில் பிறந்து வளர்ந்த பார்வதி, அதே நகரின் டெக்கான் பகுதியில் ஒரு சிறிய அரங்கில் பத்து வருடமாகப் படம் ஓட்டுகிறாள். அந்த ஞாயிறு மதியம் அங்கே நடந்த திரைப்பட விழாவில் மாலி நாட்டு இயக்குநர் யாக்கூபா பெர்தேயின் முதல் படம். எழுபத்திரண்டு வயதான அவரே வந்து முன்வரிசையில் உட்கார்ந்திருந்தார்.

ஐந்தாவது நிமிடத்தில் சப்டைட்டில் நின்றுவிட்டது. விழாவுக்கு உதவ வந்திருந்த ஐடி இளைஞன் கோகுல்நாத் லேப்டாப்போடு மல்லாடினான்.

"ஃபைலே கெட்டுப் போச்சுங்க அக்கா. வேற காப்பி இல்லீங்க."

"பம்பாரா மொழி இங்க யாருக்குத் தெரியும்? நிறுத்திடறேன்."

விளக்கைப் போட்டுவிட்டுக் கீழே போய் பெர்தேயிடம் ஆங்கிலத்தில் மன்னிப்புக் கேட்டாள். அவர் கோபப்படவில்லை.

"மைக் இருக்கிறதா? படத்தின் சத்தத்தைப் பாதியாகக் குறைத்து, முதலிலிருந்து போடுங்கள்."

திரைக்குப் பக்கத்தில் நின்று அவர் ஒவ்வொரு பாத்திரத்தின் வசனத்தையும் ஆங்கிலத்தில் பேசத் தொடங்கினார். வெங்காயம் விற்கும் கிழவி பேசினாள். வரி கேட்டு வந்த அதிகாரி அதட்டினான். ஒரு கைக்குழந்தை அழுதது. பார்வதி படம் ஓட்டும் மேலறைக்குத் திரும்பி, கண்ணாடி வழியே பார்த்தாள். குரல் மட்டும் மாறவில்லை. ஆளுக்கு ஆள் அவருடைய தோளும் கழுத்தும் மாறின. திரையில் லாரி டிரைவராக வந்த இருபத்தாறு வயது பெர்தே சிரித்தபோது, கீழே நின்றவரும் அதே நொடியில் அதே சிரிப்பைச் சிரித்தார்.

கடைசிக் காட்சியில் டிரைவரின் மனைவி பேசினாள். பெர்தே மைக்கைத் தாழ்த்திக்கொண்டார். புரியாத மொழியில் அவள் பேசி முடிக்கும்வரை அரங்கில் ஒருவரும் அசையவில்லை.

காட்சி முடிந்ததும் பார்வதி ஓடிப்போய்க் கேட்டாள்: "எல்லா வசனமும் எப்படி ஞாபகம் இருக்கிறது?"

"எழுதியது நான், நடித்து இயக்கியதும் நான். தியேட்டர் இல்லாத ஊர்களுக்கு வேனில் திரையைக் கொண்டுபோய், அந்தந்த ஊர் மொழியில் இப்படித்தான் பேசினேன்."

"அந்தப் பெண்ணுக்கு மட்டும் ஏன் பேசவில்லை?"

"அவள் என் மனைவி. என்னைவிட நல்ல நடிகை. குறுக்கே பேசினேன் என்று தெரிந்தால் இன்றைக்கும் திட்டுவாள்."

மாலையில் அவருடைய எட்டாவது படம். அதற்கு ஃபைல் சரியாக இருந்தது. பார்வதி அறையைக் கோகுல்நாத்திடம் விட்டுவிட்டுக் கீழே போய் உட்கார்ந்தாள். படத்தில் கண் தெரியாத நீதிபதி ஒருவர் வந்தார். அது பெர்தேதான் என்பது இருபது நிமிடம்வரை அவளுக்குத் தெரியவில்லை.