எண்ணெயில் இறங்காத சிவப்பு

சாப்பிராக் கொட்டகையில் வேலைக்குச் சேர்ந்தவர்கள் எல்லோரும் முதல் நாள் மாலை ஒருமுறை செத்துப் பிழைத்தவர்கள்தான். நாள் முழுக்கக் காய் தட்டிவிட்டுக் குழாயடியில் வாய் கொப்பளித்துத் துப்பினால், துப்பியது செக்கச் செவேலென்று இருக்கும். துப்பியவர் முகம் வெளுக்கும். அந்த முகத்தைப் பார்ப்பதற்காகவே பழைய ஆட்கள் கை கழுவும் சாக்கில் அங்கே கூடி நிற்பார்கள்.

"போச்சு, ஈரல் கரைஞ்சு வருது" என்பார் ஒருவர்.

"வீட்டுக்கு ஆள் அனுப்பட்டுமா?" என்பார் இன்னொருவர்.

சிரித்து ஓய்ந்த பிறகு மேஸ்திரி வந்து, "சாயம்தான், பயப்படாதே. மூக்கு வழியாப் போன தூசி வாய் வழியா வருது. இப்பத்தான் நீ நம்ம ஆளு" என்று தைரியம் சொல்வார். அத்துடன் புதியவர் பழையவராகிவிடுவார்.

சாப்பிரா மரத்தைப் பார்த்தவர்களுக்கு இது விளங்கும். பெரிய மரமில்லை, கை நீட்டினால் கிளை எட்டும். வெளிர் ரோஜா நிறத்தில் பூக்கும். காய் முழுக்க மெல்லிய முள், சுருண்டு படுத்த முள்ளெலிக் குட்டிபோல. அது காய்ந்து வாய் பிளந்தால் உள்ளே சின்னச் சின்ன விதைகள், ஒவ்வொன்றின் மேலும் மெழுகு பூசியதுபோல ஒரு சிவப்பு. மரத்தில் அந்தச் சிவப்புக்கு மட்டும்தான் மரியாதை. வெண்ணெய்க்கும் பாலாடைக்கட்டிக்கும் பிஸ்கட்டுக்கும் உதட்டுச் சாயத்துக்கும் அதுதான் போகிறது. விதையைச் சூடான எண்ணெயில் போட்டு, நிறமும் லேசான காரமும் இறங்கியதும் விதையை எறிந்துவிட்டு, எண்ணெயைச் சமையலுக்கு எடுத்துக்கொள்கிறவர்களும் உண்டு. காயைத் தட்டிப் புடைத்துச் சலிக்கிறவர்களுக்கு அதே சிவப்பு இலவசமாகக் கிடைக்கும். நகக்கண்ணில், காது மடலில், தலையணையில், எச்சிலில்.

அந்தக் கொட்டகையில் அக்கா தங்கை இருவர் இருந்தார்கள். தாய் தகப்பன் இல்லை. மாடியில் ஒற்றை அறை வாடகை. கொட்டகைக்கு அவர்கள் பெரியவள், சின்னவள். பெரியவளுக்குக் காய் தட்டுகிற இடம். சின்னவளும் முதலில் அங்கேதான் இருந்தாள். பிறகு மேஸ்திரி அவளைச் சோதனை மேசைக்கு மாற்றினார்.

சோதனை பெரிய வித்தை ஒன்றுமில்லை. எடை கூடுவதற்காக விதையோடு செங்கல்தூளைக் கலந்து கொண்டுவருகிற வியாபாரிகள் உண்டு. வெள்ளைத் தட்டில் ஒரு கரண்டி வெதுவெதுப்பான எண்ணெயை ஊற்றி, ஒரு சிட்டிகை தூளை அதில் கட்டைவிரலால் தேய்க்க வேண்டும். சாப்பிரா என்றால் சிவப்பு எண்ணெயில் இறங்கிவிடும். செங்கல்தூள் என்றால் அழைத்தாலும் வராமல் அடியில் உட்கார்ந்திருக்கும். சின்னவள் ஒவ்வொன்றையும் மறுபடி மறுபடி தேய்த்துப் பார்ப்பாள். தன் கண்ணையே நம்பாத சுபாவம்.

"சின்னவகிட்ட உன் பேர் என்னன்னு கேட்டாக்கூட அக்காகிட்ட ஒரு வார்த்தை கேட்டுட்டுத்தான் சொல்வா" என்பார் மேஸ்திரி.

அந்த ஆண்டு பெரியவளுக்கு இருமல் வந்து தங்கிவிட்டது. கொட்டகையில் இருமாதவர் யார்? காயின் முள் உதிர்ந்து பறக்கும். எல்லோருக்கும் தொண்டை கமறும். ஒருவர் இருமினால் அடுத்தவர் தொடர்வார். "கச்சேரி ஆரம்பிச்சாச்சு" என்று யாராவது சொல்வார்கள். அந்தக் கச்சேரியில் பெரியவளின் இருமல் மட்டும் தனியாகக் கேட்கவில்லை.

ஒரு நாள் காலை பெரியவள் கழுவு தொட்டியை விட்டு நகராமல் நின்றாள். சின்னவள் பல் தேய்க்கும் பிரஷ்ஷோடு பின்னால் காத்திருந்தாள்.

"இன்னிக்குக் கொஞ்சம் கூடுதலா இருக்குடி."

சின்னவள் எட்டிப் பார்த்தாள். சிவப்பு. அவ்வளவுதானே!

"இத்தனை வருஷம் தட்டிட்டு இன்னும் புது ஆளு மாதிரி பயப்படறியேக்கா! வீட்டுக்கு ஆள் அனுப்பட்டுமா? ஓ, நாம இருக்கறதே வீட்லதான்."

பெரியவளும் சிரித்தாள். சிரிப்பு இருமலாக மாறியது. சின்னவள் முதுகைத் தடவிவிட்டாள். நேரமாகிவிட்டது என்று இருவரும் கிளம்பினார்கள்.

ஆனாலும் ஒரு நாள் தெருமுனை டாக்டரிடம் போனார்கள். அவர் நெஞ்சில் குழாயை வைப்பதற்கு முன்பே நகத்தைப் பார்த்துவிட்டார்.

"எங்க வேலை?"

"சாப்பிராக் கொட்டகையில."

"அதானே பார்த்தேன். தூசிதாம்மா. மூக்குல துணி கட்டிக்கங்க" என்று ஒரு இருமல் மருந்து எழுதிக் கொடுத்தார்.

படித்தவரே சொல்லிவிட்டார். திரும்பி வருகிற வழியில் சின்னவளுக்கு மனம் லேசாகிவிட்டது. "பார்த்தியா? நான் சொன்னேன்ல" என்று ஐஸ்கிரீம் வாங்கிக் கொடுத்தாள். இருமலுக்கு ஐஸ்கிரீமா என்று பெரியவள் திட்டிக்கொண்டே முழுதும் தின்றாள்.

மழை பிடித்துக்கொண்டதும் கொட்டகையை மூடினார்கள். ஈரத்தில் காய் பூஞ்சை பிடிக்கும். வெயில் வந்தபின்தான் மறுபடி வேலை. பெரியவள் அட்டைப்பெட்டி மடிக்கிற இடத்துக்கும் சின்னவள் ஒரு சலவைக்கடைக்கும் போய்க்கொண்டிருந்தார்கள். சலவைக்கடை வேலையில் சின்னவளின் விரல்கள் மெல்ல மெல்லச் சொந்த நிறத்துக்குத் திரும்பின. ஒரு காலை பல் தேய்த்துத் துப்பியபோது வெள்ளை நுரை மட்டும் வந்தது. அதைப் பார்க்க அவளுக்கு வேடிக்கையாக இருந்தது.

சலவைக்கடை விடுமுறை நாள் ஒன்றில் அவள் அறையைச் சுத்தம் செய்தாள். தலையணை உறைகளைக் கழற்றினாள். தன்னுடையது சுத்தமாக இருந்தது. அக்காவுடையதில் ஓரமாகச் சில சிவப்புப் புள்ளிகள். தலைமுடியில் இருந்த தூசியாக இருக்கும் என்று வாளியில் போட்டாள். போட்ட கை அப்படியே நின்றது.

அந்த உறைகள் புதியவை. கொட்டகை மூடிய பிறகு துணி எடுத்து அவளே தைத்தவை.

ஈரக் கையோடு உறையை எடுத்து உதறினாள். தூசி எவ்வளவு நாள் தலையில் தங்கும்? இதற்குள் அக்கா எத்தனையோ முறை தலைக்குக் குளித்துவிட்டாளே? நெஞ்சுக்குள்ளே போய் ஊறிய தூசி மெதுவாக வருகிறதோ? அப்படியென்றால் தன் நெஞ்சுக்குள் மட்டும் எப்படி ஊறாமல் போயிற்று? நினைக்க நினைக்கக் குழப்பம்தான் கூடியது. அவளுக்குத் தெரிந்த வழி ஒன்றே ஒன்றுதான். கரண்டியில் எண்ணெயைச் சுடவைத்து வெள்ளைத் தட்டில் ஊற்றினாள். உறையின் ஓரத்தை அதில் அமிழ்த்திக் கட்டைவிரலால் தேய்த்தாள்.

சிவப்பு இறங்கவில்லை.

எண்ணெய் ஆறியிருக்கலாம். மறுபடி சுடவைத்தாள். மறுபடியும் இறங்கவில்லை. கறை பழையதாக இருக்கலாம். ஆணியில் தொங்கிய தன் பழைய வேலைச் சட்டையை எடுத்து, கைப்பட்டியை வேறொரு தட்டில் தேய்த்தாள். தேய்த்ததும் எண்ணெய் மாலை வானம்போல ஆகிவிட்டது. திரும்பவும் உறையைத் தேய்த்தாள். எண்ணெய் தெளிவாகவே இருந்தது. அடியில் தட்டின் வெள்ளை தெரிந்தது.

கதவு திறந்தது. பெரியவள் குடையை உதறி மூலையில் சாய்த்தாள்.

"என்னடி, வீட்லயும் கடை விரிச்சுட்டியா?"

"அக்கா, இது எண்ணெய்க்கு வரலை."

"எது?"

"உன் தலையணை."

பெரியவள் தட்டுகளைப் பார்த்தாள். சட்டையைப் பார்த்தாள். இத்தனை ஆண்டு அந்தக் கொட்டகையில் இருந்தவளுக்கு விளக்கம் தேவைப்படவில்லை.

"எண்ணெய் பழசா இருக்கும்."

"என் சட்டைக்கு வந்துச்சே."

"அப்ப எவனோ என் தலையில செங்கல்தூள் கலந்துட்டான்" என்றாள் பெரியவள். இரண்டு பேரும் சிரிக்கவில்லை.

பெரிய ஆஸ்பத்திரியில் டாக்டர் எடுத்த எடுப்பிலேயே கேட்டார்.

"எத்தனை நாளா ரத்தம் வருது?"

அக்காவும் தங்கையும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள்.

"தெரியலை, டாக்டர்."

"ரத்தம் வந்தது கூடவா தெரியாது?"

பனைமரத்தடியில் நின்று பாலைக் குடித்தாலும் கள் என்பார்கள். சாப்பிராக் கொட்டகையில் ரத்தமே துப்பினாலும் சாயம் என்பார்கள். இதை அந்த டாக்டருக்கு எப்படிச் சொல்வது? சின்னவள் தட்டுத்தடுமாறிச் சொன்னாள். அவர் பாதி கேட்டுவிட்டுப் படம் எடுக்க எழுதிக் கொடுத்தார்.

நுரையீரலில் கட்டி. அது இருந்த இடத்தோடு நிற்காமல் பரவியிருந்தது. அறுத்து எடுக்கிற கட்டம் தாண்டிவிட்டது. டாக்டர் சின்னவளை மட்டும் நடைவழிக்கு அழைத்துப் போய்ச் சொன்னார்.

"கொஞ்சம் முன்னாடி வந்திருந்தா ஏதாவது பண்ணியிருக்கலாம்."

"கொஞ்சம்னா எவ்வளவு டாக்டர்?"

"அதை இப்பப் பேசி என்னம்மா ஆகப்போகுது?"

ஆனால் அவளுக்கு அதுதான் வேண்டியிருந்தது. பெஞ்சில் உட்கார்ந்து நினைவைச் சல்லடையில் போட்டுச் சலித்தாள். குழாயடியில் அக்கா துப்பியது, வீட்டில் துப்பியது, பஸ்ஸில் கைக்குட்டையால் துடைத்தது. எது சாயம், எது ரத்தம்? எல்லாமே சிவப்பாகத்தான் நினைவுக்கு வந்தன. நினைவை எந்த எண்ணெயில் தேய்ப்பது?

விஷயம் கேள்விப்பட்டு, பெரியவளைச் சேர்த்திருந்த வார்டுக்கு மேஸ்திரி ஆரஞ்சுப் பழங்களோடு வந்தார். உட்காரச் சொல்லியும் உட்காரவில்லை. பழப்பையை ஒரு கையிலிருந்து மறு கைக்கு மாற்றிக்கொண்டே நின்றார்.

"பக்கத்துலதாம்மா நின்னேன். தினம் பார்த்தேன். சாயம்னுதான்..." என்று பெரியவளிடம் ஆரம்பித்து, முடிக்கத் தெரியாமல் சின்னவளைப் பார்த்தார். அவள் பையை வாங்கி வைத்தாள்.

அவர் போன பிறகு சின்னவள் ஒரு ஆரஞ்சை உரித்துச் சுளையின் நாரை நீக்கி அக்காவிடம் கொடுத்தாள். ஜன்னலுக்கு வெளியே மழை பெய்துகொண்டிருந்தது. பக்கத்துக் கட்டிலில் ஒரு அம்மாள் கம்பளி பின்னிக்கொண்டிருந்தார்.

"உனக்கு எப்பக்கா தெரியும்?"

பெரியவள் சுளையை மென்று முடித்தாள்.

"ருசி வேறடி."

"என்ன?"

"சாயம் வாய்ல வந்தா மண்ணு மாதிரி இருக்கும்ல? கடைசியில லேசா மிளகு மாதிரி. இது உப்பு. இரும்பை நக்கின மாதிரி."

"எப்பலேருந்து?"

"அப்ப மரத்துல பூ இருந்துச்சு."

பூ. அது பிஞ்சாகி, முள் முளைத்து, முற்றி, காய்ந்து, மூட்டைகளில் வந்து, தட்டி முடித்து, மழையும் வந்துவிட்டது. வேண்டாம் என்றாலும் சின்னவளின் மனம் எண்ணிக்கொண்டே போனது. டாக்டர் சொல்லாமல் விட்ட 'கொஞ்சம்' இவ்வளவுதான்.

"அப்பவே சொல்றதுக்கென்ன?"

"சொன்னேனே, கூடுதலா இருக்குன்னு. நீ சிரிச்ச." பெரியவள் குரலில் குற்றம் சாட்டுகிற தொனி இல்லை. வழியில் பார்த்ததைச் சொல்வதுபோலச் சொன்னாள். "நீ சிரிச்சதும் எனக்கும் சாயம்னே பட்டுச்சு. அந்த டாக்டரும் சாயம்னாரு. மேஸ்திரியும் அதையேதான் சொல்வாரு. இத்தனை பேர் சொல்றப்போ நான் ஒருத்தி மட்டும் ரத்தம்னு எதுக்குப் பிடிவாதம் பிடிக்கணும்? நல்லாத்தாண்டி இருந்துச்சு. சாயம்னு நினைச்சுக்கிட்டு இருந்த நாளெல்லாம் நல்லாத்தான் இருந்துச்சு."

சின்னவள் எழுந்து நின்றாள். அழுகை வரப்போகிறது என்று நினைத்தாள். வந்தது கோபம்.

"உனக்கு அறிவிருக்கா? ருசி தெரிஞ்சுதுல்ல? நான் சிரிச்சா என் தலையில ஒண்ணு போட வேண்டியதுதானே? சின்ன வயசுல பென்சிலைத் தொலைச்சதுக்கு எத்தனை அடி அடிச்சே! இதுக்கு மட்டும் வாயைப் பொத்திட்டு இருந்தியா? நான் சொன்னா நம்பிடுவியா? நானே என்னை நம்ப மாட்டேன்னு ஊருக்கே தெரியும், உனக்குத் தெரியாதா?"

கூடம் முழுக்கத் திரும்பிப் பார்த்தது. பின்னல் ஊசியை நிறுத்திவிட்டுப் பக்கத்துக் கட்டில் அம்மாள், "சீக்காளியைப் போய் ஏம்மா இப்படித் திட்டறே?" என்றார்.

"திட்டட்டும்மா" என்றாள் பெரியவள். "என் தங்கச்சிதான். இப்பத்தான் ஆரம்பிச்சிருக்கா, இன்னும் நிறைய இருக்கு."

நிறையத்தான் இருந்தது. ஐஸ்கிரீம் வாங்கிக் கொடுத்தபோது ஏன் சொல்லவில்லை என்று கேட்க வேண்டும். புது உறை தைத்தபோது பக்கத்தில் உட்கார்ந்து ஊசியில் நூல் கோத்துக் கொடுத்தாளே, அப்போது என்ன நினைத்தாள் என்று கேட்க வேண்டும். தன்னை ஒற்றையாக விட்டுப் போக யார் அனுமதி கொடுத்தது என்று கேட்க வேண்டும். அவள் மூச்சு வாங்கி மறுபடி வாயைத் திறந்தபோது பெரியவளின் கண்கள் செருகிக்கொண்டிருந்தன. மதியம் கொடுத்த மருந்து அப்படி.

சின்னவள் ஸ்டூலை இழுத்துப்போட்டு உட்கார்ந்தாள். போர்வையைச் சரிசெய்தாள். எழுந்ததும் மிச்சத்தைத் திட்டிவிட வேண்டும் என்று ஒவ்வொன்றாக மனத்தில் அடுக்கி வைத்துக்கொண்டு காத்திருந்தாள்.

மாலையில் பெரியவள் கண் விழித்து, "தாகமா இருக்குடி" என்றாள். சின்னவள் தலையைத் தாங்கித் தண்ணீர் புகட்டினாள்.

மழைக்காலம் முடிகிறவரை பெரியவள் இருந்தாள். திட்டத் தோதான ஒரு நேரம் அதற்குப் பிறகு வாய்க்கவே இல்லை.