ஒரு அவசரம்

பாக்கியலக்ஷ்மி பின்பக்கக் குழாயடியில் குந்தி, அந்தப் பெட்பேனை மூன்றாவது தடவையாகத் தேய்த்துக்கொண்டிருந்தாள். கழுவ அதில் ஒன்றுமில்லை. காலையில் அது காய்ந்தபடியேதான் திரும்பி வந்தது.

முன்னறையில், ஃப்ரீசர் பெட்டிக்குள் அவள் கணவர் வெங்கிடாசலம் வக்கீல் கிடந்தார். கொச்சி மட்டாஞ்சேரியில் அவரைத் தெரியாதவர்கள் கிடையாது. அவருக்கு ஓட்டுப் போட்டவர்கள்தான் குறைவு. முனிசிபாலிட்டித் துப்புரவுத் தொழிலாளியின் மகனாகப் பிறந்து, சட்டம் படித்து, நாற்பது வருஷம் படகேறி எர்ணாகுளம் கோர்ட்டுக்குப் போய்வந்தார். நடுவில் நாலு முறை கவுன்சிலர் தேர்தலில் நின்று நாலிலும் மண்ணைக் கவ்வினார். ஒவ்வொரு தோல்விக்கும் அதே கதையைச் சொல்லுவார்.

"நூத்தம்பது வருஷத்துக்கு முந்தி அமெரிக்காவுல ஒரு வக்கீல் இருந்தாரு, பாக்கியம். தோத்துத் தோத்து, கடைசியில நாட்டையே ஆண்டாரு."

"அவரு பொண்டாட்டிக்கு மாவாட்டற வேலை இருந்திருக்காது. அப்புறம் கேக்கறேன், போங்க" என்பாள் இவள். அந்த அப்புறம் ஒருநாளும் வரவில்லை.

வீட்டில் அவர் போட்ட சட்டம் ஒன்றே ஒன்று. வாசல்படிக்கு உள்ளே மலையாளம் கூடாது. மகன் அனூப் அதை மதித்ததே இல்லை. அவள் மதித்தாள். மீன்காரியிடம் மலையாளத்தில் மல்லுக்கு நிற்பவள்தான், ஆனால் படியேறியதும் அவள் காது தமிழாகிவிடும்.

இரண்டு மாதத்துக்கு முன் பக்கவாதம் வந்து அவர் நாக்கைக் கட்டிப்போட்டது. இன்று காலை ஒன்பது மணிக்கு, எங்கிருந்துதான் வந்ததோ, பேச்சு தெளிவாக வந்தது.

"பாக்கியம்... அவசரம்... ஒரு அவசரம்."

அவள் ஓடிப்போய்ப் பெட்பேனை எடுத்துவந்து, இடுப்பைத் தூக்கி வைத்தாள். அவர் இல்லை என்று தலையை ஆட்டினார். மறுபடியும் அதே வார்த்தை. "அதான் வெச்சாச்சுல்ல, கூச்சப்படாமப் போங்க" என்றாள். அவர் அவளையே பார்த்தார். பிறகு முகத்தைச் சுவர்ப்பக்கம் திருப்பிக்கொண்டார். அவள் வெந்நீர் எடுத்துக்கொண்டு திரும்பியபோது எல்லாம் முடிந்திருந்தது.

களமசேரி ஃபாக்டரியிலிருந்து அனூப் ஓடிவந்து முதலில் கேட்டது அதைத்தான். "அம்மா, அப்பா லாஸ்ட்டா வல்லதும்... ஏதாவது சொன்னாரா?"

"ஒண்ணும் சொல்லலைடா."

ஆயிரம் பேர் முன்னால் பேச ஆசைப்பட்ட மனுஷனின் கடைசி வார்த்தை கக்கூஸ் சமாசாரம் என்று எந்த வாயால் சொல்லுவாள்?

பெட்பேனைக் கவிழ்த்து வைத்துவிட்டு அவள் உள்ளே வந்தபோது ரஷீது உட்கார்ந்திருந்தார். இரண்டு தேர்தலில் வக்கீலைத் தோற்கடித்த கவுன்சிலர். யாரோ கொடுத்த சாயா கையிலேயே ஆறிக்கொண்டிருந்தது.

"அக்கா, ஓட்டுல நான் ஜெயிச்சேன். பேச்சுல அண்ணன்தான். கோர்ட்டுல எந்திரிச்சாலும் சரி, ஜங்ஷன்ல மைக்கைப் பிடிச்சாலும் சரி, ஆரம்பமே மலையாளத்துல அதான் வரும். 'ஒரவசரம் தரணம்'. ஒரு சான்ஸ் குடுங்க, நான் சொல்றதைக் கேளுங்கன்னு." ரஷீது லேசாகச் சிரித்தார். "நாங்க அவருக்கு அவசரம் வக்கீல்னே பேரு வெச்சிருந்தோம். உங்க காதுல விழாமத்தான்."

பாக்கியலக்ஷ்மி கதவு நிலையைப் பிடித்துக்கொண்டாள். மலையாளத்தில் அவசரம் என்றால் வாய்ப்பு. அவளுக்குத் தெரியாத வார்த்தையா? ரேஷன் கடை வரிசையில் அவளே எத்தனையோ முறை சொன்னதுதான். முப்பத்தெட்டு வருஷமாக மீறாத சட்டத்தை மனுஷன் ஒரே ஒரு தடவை மீறியிருக்கிறார். அவளிடம் பேச ஒரு வாய்ப்புக் கேட்டிருக்கிறார். அவள் பெட்பேன் கொடுத்திருக்கிறாள்.

வீடு நிறைய ஜனம். இதைச் சொல்லி அழ அதில் ஒருத்தர் இல்லை. கேட்டுச் சிரிக்கக்கூடியவர் ஒருத்தர் இருந்தார், அவர் பெட்டிக்குள் இருந்தார்.

அனூப் வாசலிலிருந்து வந்தான். "அம்மா, வண்டி வந்தாச்சு. மூணு மணிக்கு ஸ்மசானத்துல டைம் சொல்லியிருக்கு. எடுக்கட்டா?"

மூலையில், கேஸ் கொண்டுவரும் கட்சிக்காரர்கள் உட்கார என்று அவர் வாங்கிப்போட்ட மர நாற்காலி இருந்தது. அதில் அவள் ஒருநாளும் உட்கார்ந்ததில்லை. அதைத் தரதரவென்று இழுத்துவந்து பெட்டிக்குப் பக்கத்தில் போட்டு உட்கார்ந்தாள்.

"கொஞ்சம் இருடா" என்றாள். "என்ன அவசரம்?"

கண்ணாடியில் புழுக்கத்துக்குப் பனி படர்ந்திருந்தது. அவர் வாய்க்கு நேராக மட்டும் முந்தானையால் துடைத்துவிட்டு, குனிந்து காதை வைத்தாள்.